மறைத்த நோயும் மறைத்த நஷ்டமும்

கணக்கில் மறைக்கப்பட்ட நஷ்டம் நாளடைவில் சங்கத்தையே கவிழ்த்துவிடும் என்பதைத் தணிக்கையில் பலமுறை கண்டிருக்கிறேன். மறைக்கப்படும் நோயும் அத்தகையதே. புற்றுநோய்க்கு மரணமே முடிவு என்றெண்ணி, அதன் பெயரைச் சொல்லவும் குடும்பங்கள் கூசிய காலம் ஒன்று இருந்தது. உடன்பிறந்த சகோதரியை அந்நோய்க்குப் பறிகொடுத்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி, அத்துயரைத் தம் வீட்டோடு நிறுத்திக்கொள்ளவில்லை. இந்திய மாதர் சங்கத்தின் வாயிலாக நிதி திரட்டினார். 1952இல் நேரு அடிக்கல் நாட்டினார். 1954இல் சென்னை அடையாற்றில் 12 படுக்கைகளுடன் புற்றுநோய் மருத்துவமனை தொடங்கப்பெற்றது. அதற்கு வித்திட்டது ஒரு சங்கம் என்பது நம்மவர் கவனிக்கத்தக்கது.

புகையிலை மெல்லும் பழக்கம் வாய்ப் புற்றுநோயை விளைவிக்கும். ஆறாத வாய்ப்புண், மார்பிற் கட்டி, மாதவிலக்கு நின்றபின் உதிரப்போக்கு ஆகியவற்றைத் தொடக்கத்திலேயே மருத்துவரிடம் காட்டின், புற்றுநோயாயினும் பெரும்பாலும் குணமாகும். ஆயினும், அன்றைய கூலி போய்விடுமென்று அஞ்சித் தறியையும் கழனியையும் விட்டு எழாதவர் நம்மிடையே பலர். ஆகவே, பரிசோதனைக்குச் செல்லும் அங்கத்தினருக்கு ஒரு நாள் கூலியும் பயணச் செலவும் பொது நன்மை நிதியிலிருந்து அளிக்க, ஒவ்வொரு சங்கமும் அடுத்த மகாசபையில் தீர்மானம் நிறைவேற்ற வேண்டும். அச்செலவைத் தணிக்கையில் காண நேரின் பெரிதும் மகிழ்வேன்.