கேட்டுவிட்டுச் செய்தால் என்ன?

"ஜனநாயகம் எல்லாம் வயிறு நிறைந்த தேசத்துக்கு ஸார், நமக்கு அல்ல" என்று ஆரம்பித்தார் எதிர் ஆசனத்துக்காரர். முத்துநகர் எக்ஸ்பிரஸ் செங்கல்பட்டைத் தாண்டியிருந்தது. மடியில் இட்லிப் பொட்டலம் பிரிந்து கிடந்தது.

"சீனாவைப் பாருங்கள். துறைமுகம் வேண்டுமென்றால் மறுநாளே மண்ணை வெட்டுகிறான். இங்கே ஒரு ஆலை வந்தால் ஆயிரம் பேர் கொடி பிடிக்கிறான். நாட்டுக்கே தாமிரம் உருக்கிக் கொடுத்த ஸ்டெர்லைட்டை இழுத்து மூடிவிட்டீர்களே!"

'மூடிவிட்டீர்களே' என்றபோது என்னையும் சேர்த்துத்தான் சொன்னார். நான் அந்தச் சீமைக்காரன் என்பதை முன்பே கேட்டுத் தெரிந்துகொண்டிருந்தார்.

அவர் கெட்டவர் அல்ல. படித்தவர், திரும்பும்போது பேரனுக்கு மக்ரூன் வாங்க வேண்டுமென்று கைக்குட்டையில் முடிச்சுப் போட்டு வைத்திருந்தவர். இதே பேச்சை நல்ல மனிதர்கள் பலரும் பேசுகிறார்கள். வாசகர்களே, உங்களில் சிலரும் பேசியிருக்கலாம். அதனால்தான் ரயிலில் சொன்ன பதிலை இங்கேயும் சொல்கிறேன்.

அவர் பக்கத்து நியாயத்தை முதலில் ஒப்புக்கொண்டுவிடுகிறேன். தாமிரம் வேண்டும். என் தலைக்கு மேல் சுற்றும் மின்விசிறிக்குள்ளும் அதுதான் இருக்கிறது. ஆண்டுக்கு 4 லட்சம் டன் உருக்கும் திறன் கொண்ட ஆலை அது. 2018-ல் அது மூடப்பட்ட பிறகு, தாமிரத்தை ஏற்றுமதி செய்துவந்த இந்தியா இறக்குமதி செய்யும் நாடாயிற்று. லாரி ஓட்டியவனும் மூட்டை தூக்கியவனும் வேலை இழந்தார்கள். இதை மறைத்துப் பேசுகிறவன் யோக்கியன் அல்ல.

ஆனால் ஆலையை மூடியது ஜனநாயகமா? அந்த இடத்தில்தான் எனக்கும் அவருக்கும் வழக்கு.

அந்த ஆலை முதலில் தூத்துக்குடிக்கு வரவேண்டியதே அல்ல. மகாராஷ்டிரத்தில் ரத்னகிரிக்கு வந்தது. அல்போன்ஸா மாம்பழம் விளைவிக்கிறவர்கள் எதிர்த்தார்கள். 1993-ல் அங்கே கட்டட வேலை நின்றது. மறு வருஷமே தூத்துக்குடியில் அஸ்திவாரக் கல். மாம்பழக்காரனின் 'வேண்டாம்' எடுபட்டது, மீன்காரனை 'வேண்டுமா?' என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. 1995 ஜனவரியில் மத்திய சர்க்கார் சுற்றுச்சூழல் அனுமதி வழங்கியது. மக்களிடம் கருத்துக் கேட்பதைக் கட்டாயமாக்கிய விதி வந்தது 1997-ல். ஆகவே கேட்காதது சட்டப்படி குற்றமில்லை என்று 2013-ல் உச்ச நீதிமன்றமும் சொல்லிவிட்டது. சட்டப்படி சரி. அதே தீர்ப்பில்தான் மாசு உண்டாக்கியதற்காக 100 கோடி ரூபாய் கட்டச் சொன்னார்கள் என்பதையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

கேட்காத கேள்விக்கு ஊர் தானாகவே பதில் சொல்லிப் பார்த்தது. 1996-ல் மீனவர்கள் படகுகளோடு கடலுக்குப் போய், தாதுமண் கொண்டுவந்த கப்பலை மறித்தார்கள். மனு கொடுத்தார்கள், வழக்குப் போட்டார்கள், உண்ணாவிரதம் இருந்தார்கள். 2018-ல் ஆலையை இரட்டிப்பாக விஸ்தரிக்கும் வேலை நடந்தபோது நூறு நாள் உட்கார்ந்து பார்த்தார்கள். நூறாவது நாள், மே 22, கலெக்டர் ஆபீசுக்கு நடந்தார்கள். துப்பாக்கி பதில் சொன்னது. பதின்மூன்று பேர் செத்தார்கள்.

அதற்கு மறுநாள், மே 23, உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை விஸ்தரிப்புக்குத் தடை விதித்து, மக்கள் கருத்தைக் கேட்டு முடிவு செய்யுங்கள் என்று உத்தரவிட்டது. தேதியைக் கவனியுங்கள். ஒரே ஒரு நாள் வித்தியாசம்! தப்பி ஓடியவர்களையும் போலீசார் சுட்டார்கள் என்று நீதிபதி அருணா ஜெகதீசன் கமிஷன் பிறகு சொன்னது. 2022-ல் அது சட்டசபையிலும் வைக்கப்பட்டது. 2024 பிப்ரவரியில் கம்பெனியின் மேல்முறையீட்டை உச்ச நீதிமன்றம் தள்ளியது. ஆலைக்குப் போட்ட பணம், போன உயிர், இருபத்தைந்து வருஷத்து வழக்கு — இத்தனையும் 1994-ல் ஒரு பந்தல் போட்டு ஊரைக் கேட்காததற்கு நாம் கட்டிய வட்டி.

இதைவிட வேடிக்கை ஒன்று உண்டு. இதே கடலில் வெள்ளைக்காரன் முத்துக் குளிப்பு நடத்தினான். நடத்துமுன் பாரில் ஆள் இறக்கி, மாதிரிச் சிப்பி எடுத்து, பிளந்து, முத்தின் தரம் பார்ப்பான். முதிரவில்லையென்றால் அந்த வருஷம் குளிப்பு கிடையாது. எடுத்த சிப்பியை மூன்று குவியலாக்கி இரண்டைத் தான் வைத்துக்கொண்டு ஒன்றைக் குளியாளுக்குக் கொடுப்பான். கொள்ளைதான். ஆனாலும் சிப்பியின் சம்மதத்தையாவது கேட்டான்! 1961-க்குப் பிறகு முத்துக் குளிப்பே இல்லை. ரயிலுக்குப் பெயர் மட்டும் முத்துநகர்.

இப்போதுதான் கேட்கிறார்களே என்றார் நண்பர். கேட்கிறார்கள். 2006 விதிப்படி முப்பது நாள் அறிவிப்பு, பந்தல், நாற்காலி, மைக் எல்லாம் உண்டு. ஆனால் நூற்றுக்கணக்கான பக்க அறிக்கை இங்கிலீஷில். சுருக்கம் மட்டும் தமிழில். உப்பளத்தில் வேலை செய்கிற பெண் எந்தப் பக்கத்தைப் படித்து ஆட்சேபிப்பாள்? அவள் சொல்வதும் 'கருத்து'தான். 'சம்மதம்' வேண்டுமென்று அந்த விதியில் இல்லை.

"சரி ஸார், கேட்டால் எல்லாவற்றுக்கும் வேண்டாமென்றுதானே சொல்வார்கள்?"

துறைமுகத்தையும் அனல் மின் நிலையத்தையும் உர ஆலையையும் தோளில் சுமக்கிற ஊரைப் பார்த்து இப்படிக் கேட்கலாமா? 1906-ல் இதே ஊரில் ஒரு வக்கீல், கப்பல் கம்பெனி வைக்கிறேன், பங்கு வாங்குங்கள் என்று ஜனங்களிடம் போனார். பங்கு ஒன்று 25 ரூபாய்; மூலதனம் பத்து லட்சம். ஜனங்கள் வாங்கினார்கள். கப்பல் ஓடிற்று. 1908-ல் வ.உ.சி.யைப் பிடித்து அடைத்தபோது கொதித்தெழுந்தார்கள். திருநெல்வேலியில் துப்பாக்கிக்கு நால்வர் பலியானார்கள். அப்போது சுட்டது அந்நிய சர்க்கார்.

நண்பர் பதில் சொல்லாமல் மேல் பலகையில் ஏறிப் படுத்துக்கொண்டார். விடியற்காலையில் வாஞ்சி மணியாச்சியில் வண்டி நின்றபோது அவரே இறங்கிப் போய் இரண்டு டீ வாங்கிவந்தார். என் கையில் கொடுக்குமுன், "சர்க்கரை போட்டது, பரவாயில்லையா?" என்று கேட்டார்.