குயின் மேரி தெரியும், ரஜூலா தெரியுமா? தமிழர்களைச் சுமந்த கப்பல்களை ஏன் மறந்தோம்?

சிதம்பரம் என்றதும் நடராஜர் கோயில், அண்ணாமலைப் பல்கலைக்கழகம், பிச்சாவரம் படகு சவாரி எல்லாம் வரிசையாக ஞாபகம் வரும். அதே பெயரில் ஒரு பெரிய கப்பலும் ஓடியது என்று சொன்னால், இன்றைய சிதம்பரம்வாசிகள் பலரே 'அப்படியா?' என்று கேட்பார்கள்.

அந்தக் கப்பல் 1966-ல் பிரான்ஸில் உள்ள டன்கர்க்கில் 'பாஸ்டர்' என்ற பெயரில் கட்டப்பட்டது. ஐரோப்பாவுக்கும் தென் அமெரிக்காவுக்கும் இடையே ஓடிக்கொண்டிருந்ததை 1970-களின் தொடக்கத்தில் ஷிப்பிங் கார்ப்பரேஷன் ஆஃப் இந்தியா வாங்கி, 'எம்.வி. சிதம்பரம்' என்று பெயர் மாற்றியது. சென்னையிலிருந்து சிங்கப்பூருக்குப் பயணிகளை ஏற்றிச் சென்ற அந்தக் கப்பலில் 1985 பிப்ரவரியில் பயணத்தின்போது தீப்பிடித்தது. பயணிகள் பலர் உயிரிழந்தனர். கப்பல் உடைக்கப் போனது. தமிழ்நாட்டையும் மலாயாக் கரையையும் தலைமுறை தலைமுறையாக இணைத்த பயணிகள் கப்பல் போக்குவரத்தும் அதோடு முடிந்துபோனது.

அந்தப் போக்குவரத்தின் கதையில் கொஞ்சம் பெருமை இருக்கிறது, நிறைய வலி இருக்கிறது. அதைச் சொல்லக்கூடியவர்கள் வருடத்துக்கு வருடம் குறைந்துகொண்டே வருகிறார்கள்.

லைனர் என்றால் என்ன?

குறிப்பிட்ட தேதியில் கிளம்பி, குறிப்பிட்ட ஊர்களுக்கு, வருடம் முழுக்க பஸ் மாதிரி போய்வரும் கப்பல்தான் லைனர். இன்று சுற்றுலாவுக்குப் போகும் க்ரூஸ் கப்பல் வேறு. விமானம் பரவலாக வருவதற்கு முன்பு கடல் கடந்து போக லைனரை விட்டால் வேறு வழி கிடையாது.

டைட்டானிக், லூசிடானியா, குயின் மேரி என்று உலகம் கொண்டாடும் லைனர்கள் எல்லாம் அட்லாண்டிக்கில் ஓடியவை. வங்காள விரிகுடாவில் தமிழர்களுக்கென்றே ஓடியவை ரஜூலாவும் ரோனாவும். இரண்டும் பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நேவிகேஷன் கம்பெனிக்காக 1926-ல் கட்டப்பட்ட அக்கா தங்கைக் கப்பல்கள். ரஜூலா கிளாஸ்கோவிலும், ரோனா இங்கிலாந்தின் டைன் நதிக்கரையிலும் கட்டப்பட்டன. சென்னை, நாகப்பட்டினம், பினாங்கு, சிங்கப்பூர் என்பதுதான் ரூட்.

கடலூரும் சிதம்பரமும் அப்போது தென்னாற்காடு மாவட்டம். மலாயா ரப்பர் தோட்டங்களுக்கு ஆள் போன மாவட்டங்களில் அதுவும் ஒன்று. இங்கிருந்து கிளம்பியவர்கள் ரயில் ஏறி, மாயவரம், திருவாரூர் வழியாக நாகப்பட்டினம் போய்க் கப்பல் பிடிக்கலாம். கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் நடுவில் இருக்கும் பரங்கிப்பேட்டைக்குக் கடல் கடந்த வணிகம் அதற்கும் பல நூற்றாண்டுகள் முந்தைய பழக்கம். 'அக்கரைச் சீமை' என்பது இந்தப் பக்கத்து வீடுகளில் புழங்கிய சாதாரண வார்த்தை.

ஒரு சின்னக் கணக்கு

குயின் மேரியின் கொள்ளளவு சுமார் 81,000 டன். இங்கே டன் என்பது எடையைக் குறிக்காது. கப்பலுக்குள் எவ்வளவு இடம் இருக்கிறது என்பதற்கான அளவு அது. அமைதிக் காலத்தில் குயின் மேரி ஏற்றியது சுமார் 2,100 பயணிகளை. ஒருவருக்கு ஏறத்தாழ 38 டன் இடம்.

ரஜூலாவின் கொள்ளளவு சுமார் 8,500 டன். குயின் மேரியில் பத்தில் ஒரு பங்குதான். ஆனால் ரஜூலாவுக்குக் கிடைத்த உரிமம் 5,000-க்கும் மேற்பட்ட பயணிகளுக்கு. ஒருவருக்கு 2 டன் கூட வராது.

இரண்டாம் உலகப்போரில் குயின் மேரி ராணுவக் கப்பலாக மாறியது. 1943 ஜூலையில் ஒரே பயணத்தில் 16,683 பேரை ஏற்றியது. ஒரே கப்பலில் இத்தனை பேர் பயணம் செய்தது இன்றுவரை சாதனையாகப் பேசப்படுகிறது. அந்த நெரிசலிலும் தலைக்கு ஏறத்தாழ 5 டன் இடம் இருந்தது.

அதாவது, வெள்ளைக்கார சிப்பாய்க்குப் போர் நெருக்கடியில் கொடுத்த இடத்தில் பாதிகூட, தமிழ்த் தொழிலாளிக்கு அமைதிக் காலத்தில் சட்டப்படி தேவைப்படவில்லை. எல்லாப் பயணத்திலும் 5,000 பேர் ஏறினார்கள் என்று அர்த்தமில்லை. ஆனால் ஏற்றலாம் என்று அரசாங்கமே எழுதிக்கொடுத்திருந்தது. டெக் டிக்கெட் எடுத்தவருக்கு கேபின் கிடையாது. பாயை விரித்த இடம்தான் படுக்கை. சுமார் ஒரு வாரம் அப்படியே போகணும்.

ரோனாவுக்கு என்ன ஆச்சு?

போர் வந்ததும் ரஜூலா, ரோனா இரண்டுமே படை வீரர்களை ஏற்றப் போயின. 1943 நவம்பர் 26 அன்று ரோனா மத்தியதரைக் கடலில், அல்ஜீரியா கரைக்கு அருகே போய்க்கொண்டிருந்தது. உள்ளே சுமார் 2,000 அமெரிக்க வீரர்கள். சூயஸ் கால்வாய் வழியாக இந்தியாவுக்கு வந்து, பர்மா, சீனா போர்முனைகளுக்குப் போகவேண்டியவர்கள்.

ஜெர்மன் விமானம் ஒன்று ஏவிய குண்டு கப்பலின் பக்கவாட்டில் பாய்ந்தது. விமானத்தில் இருந்தபடியே ரேடியோ மூலம் திசைதிருப்பக்கூடிய ஹென்ஷெல் 293 ரகக் குண்டு அது. இன்றைய ஏவுகணைகளுக்கு முன்னோடி. 1,100-க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அதில் 1,000-க்கும் அதிகமானோர் அமெரிக்கர்கள். எதிரி தாக்குதலால் ஒரே சம்பவத்தில் கடலில் இவ்வளவு அமெரிக்க வீரர்களை இழந்தது வேறு எப்போதும் இல்லை.

அந்தப் புதிய ஆயுதத்தின் விவரம் வெளியே தெரியக்கூடாது என்று செய்தி அமுக்கப்பட்டது. குடும்பங்களுக்கே பல பத்தாண்டுகளாக முழு விவரம் தெரியவில்லை. உயிர்பிழைத்தவர்களும் உறவினர்களும் விடாமல் பேசிய பிறகுதான், 2000-ல் அமெரிக்க நாடாளுமன்றம் தீர்மானம் போட்டு இறந்தவர்களுக்கு அஞ்சலி செலுத்தியது. அலபாமாவில் நினைவுச்சின்னமும் இருக்கிறது.

சரி, கப்பலை ஓட்டிய இந்திய மாலுமிகள்? ரோனாவின் ஊழியர்களில் பெரும்பகுதி இந்தியர்கள். அன்று அவர்களிலும் நூறுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். இரண்டாம் உலகப்போரில் உயிரிழந்த 6,000-க்கும் மேற்பட்ட இந்திய வணிகக் கப்பல் மாலுமிகளின் பெயர்கள் மும்பையிலும் சிட்டகாங்கிலும் உள்ள நினைவேடுகளில் இருக்கின்றன. பள்ளிப் பாடத்தில் டைட்டானிக்கைத் தெரிந்துகொண்ட அளவுக்கு இவர்களைப் பற்றி யாருக்கும் தெரியாது.

கப்பல் நின்றபோது

1941 டிசம்பரில் ஜப்பான் மலாயாவுக்குள் நுழைந்தது முதல் 1945 ஆகஸ்ட் வரை இந்த ரூட்டில் போக்குவரத்தே இல்லை. ஏறத்தாழ நாலு வருஷம். பணம் வரவில்லை, கடிதம் வரவில்லை, ஆள் உயிரோடு இருக்கிறாரா என்றே தெரியவில்லை. அந்த நேரத்தில்தான் மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரக்கணக்கான தமிழர்கள் சயாம் மரண ரயில் பாதை வேலைக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். பலர் திரும்பவே இல்லை.

போரில் தப்பிய ரஜூலா மீண்டும் பழைய ரூட்டுக்கு வந்தது. 1973 வரை ஓடியது. பிறகு ஷிப்பிங் கார்ப்பரேஷனிடம் கைமாறி, 'ரங்கத்' என்ற புதுப் பெயருடன் சில காலம் இருந்து, 1974-ல் உடைக்கப்பட்டது. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு உழைத்த கப்பல்.

இப்போது எதற்கு இந்தப் பேச்சு?

சென்னையிலிருந்து சிங்கப்பூருக்கு இன்று நாலரை மணி நேர ஃபிளைட். பழைய கப்பலைப் பற்றிப் பேசி என்ன ஆகப்போகுது என்று கேட்கலாம். நியாயமான கேள்விதான்.

பதிலும் நேரடியானது. ரஜூலாவின் கடைசி வருடத்தில் 20 வயதில் ஏறியவருக்கே இன்று 70 தாண்டிவிட்டது. சிங்கப்பூர் 1979-லேயே வாய்மொழி வரலாற்றுப் பிரிவைத் தொடங்கி, வந்து சேர்ந்தவர்களின் நினைவுகளைப் பதிவுசெய்ய ஆரம்பித்தது. வழியனுப்பிய கரையில் அந்த அளவுக்கு வேலை நடக்கவில்லை. காத்திருந்த மனைவி, பணம் வராத வீடு, திரும்பி வந்து ஊரில் ஒட்ட முடியாமல் போனவர் என்று இந்தப் பக்கத்துக் கதைகளை அங்கே உட்கார்ந்து பதிவுசெய்ய முடியாது.

இதற்குப் பெரிய பட்ஜெட் தேவையில்லை. சிதம்பரத்தில் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் இருக்கிறது. 2013 முதல் அது அரசுக் கட்டுப்பாட்டில்தான் இயங்குகிறது. வரலாற்றுத் துறை மாணவர்கள் பரங்கிப்பேட்டை, லால்பேட்டை, கடலூர் முதுநகர் வீடுகளுக்குப் போய்ப் பேசினாலே ஒரு நல்ல ஆவணக் காப்பகம் உருவாகிவிடும். பழைய பாஸ்போர்ட், டிக்கெட், கடிதம், போட்டோ எல்லாவற்றையும் ஸ்கேன் செய்து உரியவர்களிடமே திருப்பித் தரலாம். கடலூரில் அரசு அருங்காட்சியகம் இருக்கிறது. அங்கே ஒரு அறை போதும். ஜனவரி 12-ஐ அயலகத் தமிழர் தினமாகக் கொண்டாடும் மாநில அரசு, அந்த அயலகத்துக்கு அவர்கள் எப்படிப் போனார்கள் என்பதையும் பதிவுசெய்யவேண்டும்.

அப்படிச் செய்யும்போது ரஜூலாவை வெறும் இனிய நினைவாக்கிவிடக் கூடாது. பல குடும்பங்களைக் கரையேற்றிய கப்பல்தான். அதே கப்பலில்தான் ஆட்களைச் சரக்கு மாதிரி அடுக்க உரிமமும் கொடுத்தார்கள். இரண்டையும் சேர்த்து எழுதினால்தான் அது வரலாறு.

அரசு செய்யும்வரை காத்திருக்கவும் வேண்டாம். வீட்டில் ஒரு தாத்தாவோ பாட்டியோ 'கப்பல்ல வந்தப்போ...' என்று ஆரம்பித்தால், அடுத்த முறை போனில் ரெக்கார்டரை ஆன் செய்யுங்கள். எந்த ஊரில் ஏறினார்கள், எந்த வருஷம், கூட யார் யார் வந்தார்கள் என்று மூன்று கேள்வி கேளுங்கள். மீதியை அவர்களே சொல்வார்கள்.