உயிரோடு திரும்பிய குண்டு முகக்காரர்

'செவன் சாமுராய்' (1954) பார்த்தவர்களிடம், அந்த ஏழு பேரில் யார் யார் நினைவிருக்கிறார்கள் என்று கேட்டுப் பாருங்கள். குதித்துக் கத்தும் மிஃபுனே, மொட்டைத் தலையைத் தடவிக்கொண்டே யோசிக்கும் ஷிமுரா, அதிகம் பேசாத அந்த வாள்வீரர்... பெரும்பாலும் இத்தோடு நின்றுவிடும். ஷிமுராவின் பழைய போர்த்தோழராக வரும் குண்டு முகக்காரரை யாரும் சொல்ல மாட்டார்கள். இத்தனைக்கும் கடைசியில் உயிரோடு மிஞ்சும் மூவரில் அவரும் ஒருவர்!

அவர் பெயர் டைசுகே கடோ (1911-1975). 'ரஷோமோன்' படத்தில் திருடனைப் பிடித்துவரும் காவலர் அவர்தான். 'யோஜிம்போ'வில் புருவம் ஒட்டிய முட்டாள் அடியாளும் அவர்தான். நருசேவின் 1960 படம் ஒன்றில் நல்லவர்போல வந்து நாயகியை ஏமாற்றுவார். எல்லாம் குணச்சித்திர வேடங்கள்.

குணச்சித்திர நடிகர் என்றால் நாயகனுக்கு முட்டுக்கொடுப்பவர் என்றுதான் நாம் நினைக்கிறோம். கடோ விஷயத்தில் அது சுத்தமாகப் பொருந்தாது. காரணம், அவருடைய போர்.

நாடகக் குடும்பத்தில் பிறந்து மேடையில் வளர்ந்த கடோ, 1943ல் ராணுவத்துக்கு அழைக்கப்பட்டு நியூ கினியாவில் உள்ள மனோக்வாரிக்கு அனுப்பப்பட்டார். உணவு இல்லை. மலேரியா வேறு. சாவை எதிர்பார்த்துக் கிடந்த வீரர்களுக்காக அங்கேயே ஒரு நாடகக் குழு அமைத்தார்கள். அந்த வெப்பத்தீவில் ஒருநாள் மேடையில் காகிதப் பனி கொட்டியது. வடகிழக்கு ஜப்பானின் பனி ஊர்களிலிருந்து வந்திருந்த வீரர்கள் அதைப் பார்த்து அழுதார்கள். கடோ இதையெல்லாம் புத்தகமாக எழுதினார். 1961ல் அது படமானபோது அவரே நாயகனாக நடித்தார்.

அடுத்த வருடம் ஓசுவின் கடைசிப் படமான 'அன் ஆட்டம் ஆஃப்டர்நூன்' வருகிறது. அதில் கடோ முன்னாள் கடற்படை வீரர். தன் பழைய கேப்டனோடு ஒரு சிறிய மதுக்கடைக்குப் போகிறார். நாம் ஜெயித்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று உற்சாகமாகப் பேசுகிறார். தோற்றதே நல்லது என்கிறார் கேப்டன். சற்று யோசித்துவிட்டு, இருக்கலாம் என்று ஒப்புக்கொள்கிறார் கடோ. பிறகு கடற்படை இசை ஒலிக்க, சல்யூட் அடித்தபடி கடைக்குள்ளேயே அணிவகுத்து நடக்கிறார்.

சிரிப்பு வரும் காட்சிதான். ஆனால் அன்றைய ஜப்பானிய ரசிகர்களில் பலருக்கு அவர் எங்கிருந்து திரும்பியவர் என்று தெரிந்திருக்கும். ஓசு அதை நினைத்துத்தான் அவரைப் போட்டாரா என்பது வேறு கேள்வி. போரைப் பற்றி நீளமான வசனம் எதுவும் தேவைப்படவில்லை, அந்த முகமே போதுமானதாக இருந்தது. பெரிய நட்சத்திரம் அங்கே நின்றிருந்தால் நட்சத்திரம்தான் தெரிந்திருக்கும். கடோ நின்றதால், தோற்ற போரிலிருந்து வீடு திரும்பிய ஒரு சாதாரண மனிதர் தெரிந்தார்.

இனி 'செவன் சாமுராய்' பார்க்கும்போது, எரியும் கோட்டைக்குக் கீழே அகழியில் ஒளிந்து தப்பித்த கதையை அவர் சிரித்த முகத்தோடு சொல்லும் இடத்தைக் கொஞ்சம் கவனியுங்கள். மிஃபுனேயை அடுத்த தடவை பார்த்துக்கொள்ளலாம்.