கரைக்கோட்டுக்கு எத்தனை புள்ளி?

பத்தாம் வகுப்புக் கணிதத் தேர்வில் வரைபடத்துக்கு 8 மதிப்பெண். கணக்கில் தடுமாறும் பிள்ளைகளைத் தேற்றிவிட ஆசிரியர்கள் முதலில் கையிலெடுப்பது இதைத்தான். சமன்பாடு பெரும்பாலும் கேள்வித்தாளிலேயே இருக்கும். மதிப்புகளைப் போட்டு அட்டவணையை நிரப்பி, புள்ளி வைத்து, இணைத்தால் முடிந்தது. இருபடிச் சமன்பாடு என்றால் பரவளையம் வரும் என்று பென்சிலைத் தொடும் முன்பே தெரியும். ஒரு புள்ளி கோட்டை விட்டு விலகி நின்றால் தவறு பிள்ளையுடையது. சமன்பாட்டைச் சந்தேகிக்க இடமே இல்லை. பள்ளிக்கு வெளியே நிலைமை தலைகீழ். அங்கே முதலில் கிடைப்பவை புள்ளிகள். அவற்றுக்கு எந்தச் சமன்பாடு பொருந்தும், எதுவாவது பொருந்துமா என்பதைப் பிறகுதான் பார்க்க வேண்டும். இந்த இரண்டாவது வேலையையும் பள்ளியிலேயே பழக்க வேண்டும் என்பதற்குக் காட்டுப்பள்ளிக் கரையைவிட வலுவான காரணம் தமிழ்நாட்டில் அதிகம் இருக்காது.

எண்ணூருக்கு வடக்கே, ஒருபுறம் வங்கக் கடல், மறுபுறம் பக்கிங்காம் கால்வாயும் கொசஸ்தலையாற்றின் உப்பங்கழியும். இடையில் கிடக்கிற ஒடுங்கிய மணல் திட்டுதான் காட்டுப்பள்ளி. அதற்கும் வடக்கே பழவேற்காடு முகத்துவாரம் வரை மீனவக் குப்பங்கள். 2001-இல் எண்ணூர்த் துறைமுகம் இயங்கத் தொடங்கியது. 2013-இல் காட்டுப்பள்ளித் துறைமுகத்துக்குக் கப்பல்கள் வந்தன. 2018-இல் அது அதானி குழுமத்தின் கைக்குப் போனது. பிறகு 330 ஏக்கரை 6,000 ஏக்கருக்கும் மேலாக விரிக்கும் திட்டம் வந்தது. அதற்காக 2021 ஜனவரியிலும் 2023 செப்டம்பரிலும் அறிவித்த கருத்துக்கேட்புக் கூட்டங்கள் தள்ளிவைக்கப்பட்டன. இந்தத் திட்டம் பற்றிய விவாதத்தில் எண்ணால் பதில் சொல்லக்கூடிய கேள்வி ஒன்று உண்டு: கரை ஆண்டுக்கு எத்தனை மீட்டர் நகர்கிறது? இந்தக் கடலோரத்தில் ஆண்டின் பெரும்பகுதி மணல் தெற்கிலிருந்து வடக்கே போகிறது. குறுக்கே கல்சுவர் நீட்டினால் தெற்கில் மணல் சேரும், வடக்கில் கரை அரிக்கும். சென்னைத் துறைமுகம் வந்தபின் மெரினா அகன்றதும் ராயபுரம், திருவொற்றியூர் கரை தேய்ந்ததும் நூறு ஆண்டுக்கு மேல் பழைய செய்தி.

ஆண்டுக்கு இத்தனை மீட்டர் என்ற எண் எப்படிப் பிறக்கிறது என்று பார்ப்போம். மிக எளிய முறை, பழைய கரைக்கும் புதிய கரைக்கும் உள்ள இடைவெளியை இடைப்பட்ட ஆண்டுகளால் வகுப்பது. அதாவது இரண்டே புள்ளிகள், நடுவில் ஒரு நேர்கோடு. கற்பனையாக ஒரு குப்பத்தை எடுத்துக்கொள்வோம். ஊரில் நட்ட கல்லிலிருந்து கரை தொடக்கத்தில் 100 மீட்டர் தொலைவில் இருந்தது. பத்தாம் ஆண்டில் 70 மீட்டர். அரிப்பு ஆண்டுக்கு 3 மீட்டர் என்று கணக்கு முடிந்துவிடும். இப்போது நடுவில் அளந்தவற்றையும் குறிப்போம்: இரண்டாம் ஆண்டில் 99, நான்கில் 101, ஆறில் 98, எட்டில் 84. ஆறு ஆண்டுகள் கரை ஏறக்குறைய அசையவே இல்லை. அதன்பின் ஆண்டுக்கு 7 மீட்டர் போயிருக்கிறது. 3 மீட்டர் என்ற வேகம் எந்தக் காலத்துக்கும் பொருந்தவில்லை. பதினாறாம் ஆண்டில் கரை எங்கே இருக்கும் என்று கேட்டால் நேர்கோடு 52 மீட்டர் என்னும். கடைசி நான்கு ஆண்டின் வேகம் நீடித்தால் 28 மீட்டர். நடுவில் இருக்கிற 24 மீட்டரில் வலை உலர்த்தும் இடமும் படகு ஏற்றி வைக்கும் இடமும் அடங்கிவிடும். எல்லாப் புள்ளிகளையும் கணக்கில் கொள்ளும் புள்ளியியல் முறையும் இருக்கிறது, நல்லதுதான். ஆனால் ஆறாம் ஆண்டில் ஏதோ மாறியிருக்கும்போது பத்தாண்டுக்கும் ஒரே கோடு போட்டால் அந்த முறையும் மாற்றத்தை மழுங்கடித்துத்தான் காட்டும்.

செயற்கைக்கோளும் மென்பொருளும் இருக்கும்போது பள்ளிப் பிள்ளைக்கு ஏன் இந்த வேலை என்று கேட்கலாம். நாடு முழுவதற்கும் அவை இல்லாமல் முடியாது. 1990 முதல் 2018 வரை இந்திய நிலப்பரப்புக் கரையில் 33.6 சதவீதம் அரிப்புக்கு உள்ளானது என்று தேசியக் கடலோர ஆராய்ச்சி மையம் சொன்னது அப்படித்தான். ஆனால் நெடுங்காலப் பதிவுள்ள லேண்ட்சாட் படத்தில் ஒரு கட்டம் 30 மீட்டர். நட்ட கல்லும் அளவு நாடாவும் அதைவிட நுட்பமாக அளக்கும். பருவமும் இருக்கிறது. வடகிழக்குப் பருவக்காற்றில் போன மணலில் ஒரு பகுதி பின்னர் திரும்பி வரும். ஒரு டிசம்பரையும் ஒரு ஜூலையையும் இணைத்துக் கோடு போட்டால் பருவமே அரிப்பாகத் தெரியும். ஏற்ற வற்றமும் கூடச் சேர்ந்தால் சொல்லவே வேண்டாம். இதெல்லாம் கரையில் நிற்பவர்களுக்குத் தெரியும். தேதியோடு எழுதி வைப்பதுதான் மிச்சம். மீனவர்கள் பதிவு வைக்க மாட்டார்கள் என்ற பேச்சைப் பொருட்படுத்த வேண்டியதில்லை. பழவேற்காட்டில் யார் எந்த நாளில் எந்த இடத்தில் வலை போடலாம் என்பதைப் பாடு முறை தலைமுறைகளாக ஒழுங்குபடுத்தி வந்திருக்கிறது. பாடத்திட்டம் ஏற்கெனவே கனமாக இருக்கிறது என்ற ஆசிரியர்களின் மறுப்பு நியாயமானது. ஆனால் நான் புதுப் பாடம் கேட்கவில்லை. சமன்பாடு கொடுக்காமல், ஒரு நேர்கோட்டுக்குள் அடங்காத ஆறு புள்ளிகளைக் கொடுத்து, எங்கே முறிகிறது என்று கேட்கும் ஒரு கேள்வி போதும்.

வரைபடம் காரணத்தைச் சொல்லாது என்பதுதான் வலுவான மறுப்பு. உண்மை. அது சொல்வது எப்போது என்பதை மட்டும். புயலாலா, ஆற்று மணல் குறைந்ததாலா, கல்சுவராலா என்பது வேறு விசாரணை. ஆனால் தெற்கிலும் வடக்கிலும் ஒரே நாளில் அளந்த இரண்டு வரைபடங்களை அருகருகே வைத்தால் விசாரணை குறுகும். புயல் இரண்டு பக்கத்தையும் பெரும்பாலும் சேர்த்தே அரிக்கும். சுவர் ஒரு பக்கம் கொடுத்து மறுபக்கம் எடுக்கும். துறைமுக நிறுவனத்துக்கும் இதில் பாதகம் இல்லை. அரிப்பு சுவருக்கு முன்பே தொடங்கியிருந்தால் அதே புள்ளிகள் அவர்கள் பக்கம்தான் பேசும். ஆகவே அடுத்த கருத்துக்கேட்புக்கு முன், சுற்றுச்சூழல் தாக்க அறிக்கையின் தமிழ்ச் சுருக்கத்தில் சராசரி வேகத்தோடு ஒவ்வொரு குப்பத்துக்கும் அளந்த தேதி, ஏற்ற வற்ற நேரம், தொலைவு மூன்றையும் அட்டவணையாக அச்சிட வேண்டும். இதற்குக் கூடுதல் செலவு எதுவும் ஆகாது. சராசரியைக் கணக்கிட்டவர்களிடம் அந்த அட்டவணை ஏற்கெனவே இருந்தாக வேண்டும்.