கையினால் தேய்த்த ஆடி

“தூரதரிசினி வேண்டுமாயின் கடையிற் கொள்ளலாம்; விண்ணின் வனப்பைக் காண வேண்டுமாயின் அறிஞர் எடுத்த படங்களைக் காணலாம்; கண்ணாடியைத் தேய்த்துக் காலம் போக்குவது எற்றுக்கு?” என்று நம் மாணவருட் சிலர் வினவுகின்றனர். 2021-ம் ஆண்டில் விண்ணிற் செலுத்தப்பெற்ற ஜேம்ஸ் வெப் தூரதரிசினியின் படங்களைக் கண்டோர் இங்ஙனம் வினவுதல் இயல்பே. யாமும் ஒருகால் அவ்வாறே எண்ணியிருந்தோம். அமெரிக்க ஐக்கிய நாட்டின் வெர்மாண்ட் மாகாணத்திலுள்ள ஸ்பிரிங்பீல்டு என்னும் சிற்றூர்த் தொழிலாளரின் வரலாற்றை வாசித்த பின்னரே எம் எண்ணம் மாறிற்று.

அவ்வூர் இயந்திரக் கருவிகள் செய்யும் தொழிற்சாலைகளுக்குப் பேர்பெற்றது. வடதுருவப் பயணங்களிற் சென்று மீண்டவரும் சித்திரம் வல்லவருமான ரஸ்ஸல் போர்ட்டர் என்பார், 1920-ம் ஆண்டில் அங்கே தூரதரிசினி செய்யும் வகுப்பொன்று தொடங்கினார். 15 ஆடவரும் ஒரு பெண்மணியும் சேர்ந்தனர். பெரும்பாலார் ஆலைத் தொழிலாளர், வானநூல் கற்றவரல்லர். 1923-ல் அவர்கள் சங்கமாகக் கூடி, ஊர்ப்புறத்துக் குன்றின்மேல் ஒரு மனை எழுப்பினர். விண்மீன்களின் கோயில் எனப் பொருள்பட அதற்கு ஸ்டெல்லாஃபேன் என்று பெயர். அதற்குப் பூசிய வண்ணமோ இளஞ்சிவப்பு! கோயிலுக்கு இவ்வண்ணமா என்று முதலில் நகைத்தோம்.

அவர்கள் செய்த வேலையைச் சிறிது விரித்துரைத்தல் வேண்டும். இரண்டு கண்ணாடி வட்டங்களை ஒன்றன்மேல் ஒன்று வைத்து, இடையே கார்போரண்டம் பொடியும் நீரும் இட்டு, மேலுள்ளதை முன்னும் பின்னும் தள்ளித் தேய்ப்பர்; தேய்ப்பவர் பீப்பாயைச் சுற்றிச் சுற்றி நடப்பர். மேல்வட்டம் நடுவிற் குழியும், கீழ்வட்டம் குவியும். பொடியை வரவர நுண்ணிதாக்கி, இறுதியிற் கீலின்மேல் செந்தூள் இட்டு மெருகேற்றுவர். வேண்டிய வடிவத்தினின்றும் ஒரு மில்லிமீட்டரில் பதினாயிரத்தில் ஒரு பங்கு பிழைப்பினும் விண்மீனின் உருவம் கெடும். இத்துணை நுண்ணிய பிழையை எங்ஙனம் காண்பது? பிரெஞ்சு அறிஞர் பூக்கோ 1858-ல் ஒரு வழி கண்டார். ஊசித்துளை வழியே விளக்கொளியை ஆடியின்மேல் விட்டு, மீளும் கதிர்களை ஒரு கத்தியின் விளிம்பால் வெட்டினால், ஆடியின் மேடுபள்ளங்கள் நிழலாய்த் தோன்றும். விரலால் ஆடியைச் சற்றே தொட்டால், அவ்வெம்மையால் எழுந்த மேடு கூடத் தெரிந்து, சிறிது நேரத்தில் மறைகின்றதாம்! விலைக்கு வாங்கினவர்க்கு இக்காட்சி எளிதிற் கிட்டுமோ?

மனையின் முகப்பில் 19-ம் சங்கீதத்தின் முதல் வசனம் பொறிக்கப்பட்டுள்ளது. 1925 நவம்பரில் ஆல்பர்ட் இங்கால்ஸ் ‘சயன்டிபிக் அமெரிக்கன்’ பத்திரிகையில் இச்சங்கத்தைக் குறித்து எழுதிய கட்டுரைக்கும் அதுவே தலைப்பு. இவ்வசனத்தை விசுவாசத்திற்கு விஞ்ஞானம் தந்த சான்றென எடுத்துக்காட்டுவாரும் உளர். விஞ்ஞானக் கூடத்தில் வேதவாக்கியம் ஏன் என்பாரும் உளர். இருசாராரோடும் யாம் இசையோம். தம் கையின் பிழையைத் திங்கட்கணக்காய்க் கத்திமுனையில் அளந்து திருத்தியவர் எதையும் நிரூபிக்க அதனை எழுதினாரல்லர். நன்றி கூறவே எழுதினார் என்று எமக்குத் தோன்றுகின்றது.

பெரிய கருவிகள் இருக்க இவை எதற்கு என்பார் ஒன்று கருதுக. பாலோமர் மலையில் 200 அங்குல ஆடியுடைய தூரதரிசினி அமைக்க முற்பட்டபோது, 1928-ல் கலிபோர்னியாவுக்கு அழைக்கப்பெற்றவர்களுள் ஸ்பிரிங்பீல்டு போர்ட்டரும் ஒருவர். அக்கருவி 1948-ல் அர்ப்பணஞ் செய்யப்பெற்றது. 1926-ல் குன்றின்மேல் தொடங்கிய மாநாட்டிற்கு இன்றும் அன்பர்கள் தாம் செய்த கருவிகளைச் சுமந்து வருகின்றனர்.

நம் பௌதிகத் துறையார் ஆறங்குலக் கண்ணாடி வட்டங்கள் இரண்டும் ஒரு பீப்பாயும் ஈவாராயின், அதனைச் சுற்றி நடக்கத் தமிழ் ஆனர்ஸ் வகுப்பாராகிய யாம் ஆயத்தமாயிருக்கிறோம்.