தீர்ப்பு வந்த பிறகா ஆட்சேபணை?

கடன் வழக்கில் பிரதிவாதி வாய்தா தவறாமல் வருகிறார். வக்கீல் வைத்து வாதாடுகிறார். சாட்சியும் சொல்கிறார். தீர்ப்பு எதிராகப் போனதும், "இந்தக் கோர்ட்டுக்கு என் வழக்கை விசாரிக்க அதிகாரமே இல்லை" என்கிறார். இது நியாயமா?

நியாயம் அல்ல என்கிறது சட்டம். நம் கருத்தும் அதுவே.

ஓர் உதாரணம் பார்ப்போம். சிதம்பரத்தில் குடியிருக்கும் ஒருவர், கடலூர்க்காரரிடம் கடன் வாங்குகிறார். புரோநோட்டு எழுதியது சிதம்பரத்தில். பணம் கைமாறியதும் அங்கேதான். திருப்பித் தருவதும் அங்கேயே என்று பேச்சு. கடன் திரும்பவில்லை.

பிரதிவாதி குடியிருக்கும் ஊரிலோ, வழக்குக்குக் காரணமான காரியம் முழுவதுமோ ஒரு பகுதியோ நடந்த ஊரிலோதான் வழக்குப் போட வேண்டும். 1908-ம் ஆண்டு சிவில் நடைமுறைச் சட்டத்தின் 20-வது பிரிவு இப்படிச் சொல்கிறது. ஆகவே இந்த வழக்கு சிதம்பரம் கோர்ட்டுக்கு உரியது. கடன் கொடுத்தவரோ தம் சௌகரியத்துக்காகக் கடலூரில் போட்டு விடுகிறார்.

இரண்டும் ஒரே மாவட்டத்து ஊர்கள்தான். இடையே சுமார் 45 கிலோமீட்டர். ஆனால் கூலி வேலை செய்பவருக்கு ஒவ்வொரு வாய்தாவும் ஒரு நாள் கூலி நஷ்டம். பஸ் செலவு வேறு. அவர் ஆட்சேபணை செய்யலாம். அது அவர் உரிமை.

ஆனால் அதைக் காலத்தோடு செய்ய வேண்டும். முதல் கோர்ட்டிலேயே, முதல் சந்தர்ப்பத்திலேயே சொல்ல வேண்டும் என்கிறது 21-வது பிரிவு. வழக்கில் எவையெவை தகராறு என்று கோர்ட்டு வகுத்து எழுதுவதற்குள் சொல்லியாக வேண்டும். அப்போது சும்மா இருந்துவிட்டு அப்பீலில் கிளப்பினால் எடுபடாது. முன்பே சொல்லியிருந்தாலும், ஊர் மாறியதால் நீதி கெட்டது என்று அப்பீலில் காட்ட வேண்டும். வழக்குத் தொகை கோர்ட்டின் வரம்புக்கு மேல் என்ற ஆட்சேபணைக்கும் 1976-ம் ஆண்டுத் திருத்தம் இதே விதியை வைத்தது.

1961-ல் சுப்ரீம் கோர்ட்டு ஹீராலால் பட்னி வழக்கில் இதைத் தெளிவாக்கியது. ஆக்ரா விவகாரம் ஒன்று பம்பாய் ஐகோர்ட்டில் வழக்காயிற்று. பிரதிவாதி மத்தியஸ்தத்துக்குச் சம்மதித்தார். டிக்கிரியும் ஆயிற்று. அதை நிறைவேற்றும்போது, "பம்பாய்க்கு அதிகாரம் இல்லை" என்றார். சம்மதித்தபோதே அந்த ஆட்சேபணையைக் கைவிட்டதாக ஆகிவிட்டது என்று கோர்ட்டு சொல்லிவிட்டது.

நிலத்தகராறு வேறு. டில்லியில் போட்ட ஒரு வழக்கில், மனை இருந்ததோ குர்காவோனில். எட்டு வருஷம் கழித்து ஆட்சேபணை வந்தது. ஆனாலும் 2005-ல் சுப்ரீம் கோர்ட்டு அதை ஏற்றது. அடியோடு இல்லாத அதிகாரத்தைக் கட்சிக்காரர் சம்மதத்தால் உண்டாக்க முடியாது.

கடன் கொடுத்தவர் எல்லோரும் பணக்காரர் அல்ல. நகையை விற்றுக் கைமாற்றுக் கொடுத்த விதவையும் உண்டு. அவர் பல வருஷம் அலைந்து வாங்கிய டிக்கிரியை, கடைசி நேரத்து ஒரு வார்த்தையால் குப்பையில் போட விடலாமா?

வழக்குப் போடுகிறவர்களும் முதலிலேயே சரியான கோர்ட்டைக் கேட்டறிய வேண்டும். ஆட்சேபணை பலித்தால், பிராதை உரிய கோர்ட்டில் கொடுக்கும்படி திருப்பித் தருவார்கள். நல்லெண்ணத்தோடும் அக்கறையோடும் வழக்கு நடத்தியிருந்தால், அங்கே போன காலத்தை 1963-ம் ஆண்டுக் காலவரம்புச் சட்டம் கழித்துக் கொடுக்கும். ஆனால் போன பணமும் அலைச்சலும் திரும்பி வருமா?

சம்மன் வந்தால் முதலில் எந்த ஊர்க் கோர்ட்டு என்று பாருங்கள். படிக்கத் தெரிந்த பிள்ளையைக் கொண்டு படிக்கச் சொல்லுங்கள். பதில் கொடுக்கச் சட்டம் தரும் தவணை 30 நாள். வக்கீலுக்குப் பணம் இல்லாத ஏழைகள் கடலூர் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் இலவச உதவி கேட்கலாம்.

சொல்ல வேண்டியதை அப்போதே சொல்லுங்கள். டிக்கிரி ஆன பிறகு சொன்னால், கண் கெட்ட பிறகு சூரிய நமஸ்காரம் செய்த கதைதான்!