பெரியகுளத்து நகராட்சி நாற்காலி

குரங்கணியும் கொட்டக்குடியும் சென்ட்ரல் ஸ்டேஷன் என்ற மலையூரும் ஓட்டுப் போடுவது போடிநாயக்கனூர் தொகுதிக்கு. 1989-ல் ஜெயலலிதா இங்கே வென்றுதான் எதிர்க்கட்சித் தலைவரானார். 2011 முதல் மூன்று தேர்தல்களில் வென்றவர் ஓ. பன்னீர்செல்வம்.

பெரியகுளத்துக்காரர் மலையடிவாரத்துக்கு வந்தது ஆசைப்பட்டு அல்ல. தொகுதி மறுசீரமைப்பில் பெரியகுளம் தனித்தொகுதியாகிவிட்டது. பக்கத்தில் இருந்தது போடி.

டீக்கடை நடத்தியவர் என்ற கதை எல்லோருக்கும் தெரியும். 1996-ல் அ.தி.மு.க. மாநிலமெங்கும் மண்ணைக் கவ்விய வருடத்தில் அவர் பெரியகுளம் நகராட்சித் தலைவரானார் என்பதைத்தான் யாரும் பேசுவதில்லை. குழாய்த் தண்ணீர், சாக்கடை, தெருவிளக்கு என்று ஐந்து வருடம். 2001 மே மாதம் சட்டமன்ற உறுப்பினர், வருவாய்த்துறை அமைச்சர். செப்டம்பர் 21-ல் முதலமைச்சர்! ஜெயலலிதாவின் நியமனம் செல்லாது என்று உச்ச நீதிமன்றம் சொன்ன அன்றே கிடைத்த பதவி.

அமெரிக்காவில் இதைவிட வேகமாக ஏறியவர் குரோவர் கிளீவ்லாந்து. 1882-ல் பஃபலோ நகர மேயர், 1883-ல் நியூயார்க் ஆளுநர், 1885-ல் ஜனாதிபதி. தெருக்கூட்டும் ஒப்பந்தத்தை அதிக விலை கேட்டவருக்கே கொடுக்க நகர மன்றம் முடிவு செய்தபோது, மேயர் கையெழுத்துப் போட மறுத்தார். அந்த மறுப்புதான் அவரை ஊரறிய வைத்தது.

பன்னீர்செல்வம் ஏறியது மறுக்காமல் இருந்தே. 2002 மார்ச்சில் கேட்டதும் நாற்காலியைத் திருப்பிக் கொடுத்தார். 2014-ல் கண்ணீரோடு பதவியேற்று, 2015 மே மாதம் மறுபடி கொடுத்தார். பதவி தேடி வருவதற்கு இந்தக் குணம் போதும். பதவியில் நிலைக்கப் போதாது. முதன்முதலாக அவர் ‘மாட்டேன்’ என்றது 2017 பிப்ரவரி 7 இரவு, மெரினாவில் ஜெயலலிதா நினைவிடத்தில் உட்கார்ந்து எழுந்தபோது. அதற்குள் மூன்றாம் முறை கிடைத்த முதல்வர் பதவிக்கும் ராஜினாமாக் கடிதம் போய்விட்டிருந்தது.

பிறகு துணை முதல்வர். அந்தக் காலத்தில்தான், 2018 மார்ச் 11-ல், குரங்கணி மலையில் காட்டுத்தீ. மலையேற்றம் போனவர்களில் 23 பேர் இறந்தார்கள். காய்ந்த புல் நிற்கும் மாதத்தில் ‘இன்றைக்கு மேலே போகாதீங்க’ என்று யாரும் அவர்களை நிறுத்தவில்லை. சொந்தத் தொகுதிக்காரர் கோட்டையில் இரண்டாம் இடத்தில் இருந்தும், மலையேற்றத்துக்கு முறையான விதிகள் அதே வருடம், சாவுக்குப் பிறகுதான் வந்தன. ஒரு நகராட்சித் தலைவருக்கு உறைத்திருக்க வேண்டிய விஷயம் இது.

2021-ல் போடி அவரைச் சுமார் 11 ஆயிரம் ஓட்டு வித்தியாசத்தில் மறுபடி அனுப்பியது. அடுத்த வருடம் ஜூலையில் கட்சி அவரை நீக்கியது. 2024-ல் ராமநாதபுரத்தில் பலாப்பழச் சின்னத்தில் சுயேச்சையாக நின்றார். அதே பெயரில் இன்னும் ஐந்து பன்னீர்செல்வங்கள் களத்தில் இருந்தும், 3 லட்சத்துக்கு மேல் ஓட்டு வாங்கி இரண்டாவதாக வந்தார்.